மணியாச்சிப் புகைவண்டி நிலையம்

தென்பாண்டிச் சீமையிலிருந்து பிழைப்பு நாடி இக்கொச்சிக் கரைக்கு வந்து, வாத்துருத்தியிலும் மட்டாஞ்சேரியிலும் வைட்டிலாவிலும் குடியேறி வாழும் நம்மவருள், மணியாச்சி என்னும் பெயரைக் கேளாதவர் அரியர். விழா மேடைகளில் வீரவாஞ்சியின் பெயர் ஒலிக்குந்தோறும் மணியாச்சியின் பெயரும் உடன் ஒலிக்கின்றது. ஆயினும் அப்பெயர்க்குரிய நிலையம் எத்தகையது, அஃது எவ்வாறு தோன்றிற்று, அங்கு வண்டிகள் ஏன் கூடின, ஏன் பிரிந்தன என்பனவற்றை எண்ணிப் பார்ப்பவர் சிலரே. நம் சங்கத்தின் ஆண்டு மலருக்கு ஒரு கட்டுரை எழுதுக என நண்பர்கள் பணித்தபோது, யான் இப்பொருளைத் தேர்ந்துகொண்டேன். கல்லூரி வாயில் மிதியாதவன் யான். வரலாற்றுப் புலமை எனக்கு இல்லை. ஆனால் புகைவண்டித் துறையில் எழுத்தனாய் இருந்து கால அட்டவணைகளோடு பழகியவன். ஆகவே ஒரு நிலையத்தின் வரலாற்றை அதன் கால அட்டவணை வழியே காண முயல்கின்றேன்.

மணியாச்சி, தூத்துக்குடி மாவட்டத்து ஒட்டப்பிடாரம் வட்டத்தைச் சேர்ந்த ஒரு சிற்றூர். பாளையக்காரர் காலத்தில் அதுவும் ஒரு பாளையம். கட்டபொம்மனின் பாஞ்சாலங்குறிச்சியும், வ. உ. சிதம்பரனார் 1872-ஆம் ஆண்டு பிறந்த ஒட்டப்பிடாரமும், பாரதியார் பிறந்த எட்டயபுரமும் அதனைச் சூழ்ந்த வட்டாரத்தனவே. பருத்தியும் கம்பும் சோளமும் விளையும் வானம் பார்த்த பூமி. கரிசலும் பனையும் கண்ணுக்கு எட்டிய தொலைவு வரை விரிந்து கிடக்கும். ஆனி பிறந்துவிட்டால் ஆரியங்காவுக் கணவாய் வழியாகப் புகும் மேல்காற்று, மறிப்பாரின்றி அவ்வெளியில் சுழன்று வீசும். நடைமேடையில் நின்று பேசுவோர் ஒருவர் சொல் ஒருவர்க்குக் கேளாது. இக்காற்றைப் பற்றிப் பின்னரும் சொல்ல வேண்டியிருப்பதால் இங்குக் குறித்து வைக்கின்றேன்.

இவ்வூர் நிலையத்தின் பிறப்பு 1876-ஆம் ஆண்டினது. அதற்கு இரண்டு ஆண்டுகட்கு முன்னர், 1874-இல், பெருந்தென்னிந்திய இருப்புப்பாதைக் கம்பெனியும் கர்நாடகக் கம்பெனியும் ஒன்றாகி, தென்னிந்திய இருப்புப்பாதைக் கம்பெனி தோன்றிற்று. 1875-இல் பாதை மதுரையை எட்டியது. அங்கிருந்து தெற்கே தூத்துக்குடி வரை மீட்டர் அகலப் பாதை 1876 சனவரித் திங்களில் திறக்கப்பட்டது. அதனோடு மணியாச்சியில் பிரிந்து திருநெல்வேலிக்குச் செல்லும் கிளையும் உடன் திறக்கப்பட்டது. இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். மாவட்டத்தின் தலைநகர் திருநெல்வேலி. தாமிரபரணி பாயும் வளநாடு அதுவே. மக்கள் நெருங்கி வாழ்ந்ததும் அங்கேதான். ஆயினும் கம்பெனியின் ஏடுகளில் தூத்துக்குடி செல்லும் வழியே தலைப்பாதை. திருநெல்வேலி வெறுங் கிளை. துறைமுகத்திற்குப் பருத்தியையும், துறைமுகத்திலிருந்து கொழும்புக் கப்பலுக்கு ஆளையும் கொண்டு சேர்ப்பதே பாதை இட்டோரின் முதல் நோக்கமாய் இருந்தமையால், மனிதர் வாழும் நகரம் வாலாகவும் சரக்கு ஏறும் துறை தலையாகவும் ஆயின. அத்தலைக்கும் வாலுக்கும் நடுவே, இரு நகரங்களிலிருந்தும் ஏறத்தாழ முப்பது கிலோமீட்டர் தொலைவில், காட்டுவெளியில் நின்ற மணியாச்சி சந்திப்பாயிற்று. ஊரின் பெருமையால் நிலையம் வரவில்லை. இரும்பு இரண்டாகக் கிளைத்த இடத்தில் நிலையம் வந்தது.

பாதை திறந்த அதே 1876-இல்தான் தமிழகத்தை உலுக்கிய தாது வருடப் பஞ்சம் தொடங்கியது. புதிய பாதை துறைமுகத்திலிருந்து உள்நாட்டிற்குத் தானியத்தைக் கொணர்ந்தது உண்மை. அதே பாதை, விலை மிகுந்த இடம் நோக்கித் தானியத்தை இழுத்துச் சென்றதும் உண்மை. இருப்புப்பாதை பஞ்சத்தைத் தணித்ததா, பரப்பியதா என்று அறிஞர் இன்றும் வாதிடுவர். அவ்வாதத்தில் நான் நுழையவில்லை. அப்பஞ்சத்திற்குப் பின்னும் பல்லாண்டு காலம் நம் மக்கள் இலங்கையின் காப்பி, தேயிலைத் தோட்டங்களை நோக்கிக் கூட்டங் கூட்டமாய்ச் சென்றனர் என்பது மட்டும் ஐயமற்ற செய்தி. மணியாச்சிக்கும் தூத்துக்குடிக்கும் இடையே தட்டப்பாறை என்றொரு நிலையம் உண்டு. தோட்டங்களுக்குச் சென்ற ஏழைத் தொழிலாளரை, நோய் பரவாமற் காக்கும் பொருட்டுச் சில நாட்கள் அடைத்து வைத்துப் பின்னரே கப்பலேற்றும் முகாம் அங்கிருந்தது. பிற்காலத்தில் மண்டபம் முகாம் பெற்ற பெயரை முதலிற் பெற்றது தட்டப்பாறையே. தஞ்சையிலிருந்தும் மதுரையிலிருந்தும் மூட்டை முடிச்சுகளோடு வந்த எத்தனையோ குடும்பங்கள் தாய்நாட்டு மண்ணில் கடைசியாகக் கண்ட ஊர்களுள் மணியாச்சியும் ஒன்று. அவர்தம் பெயர்கள் எந்த நிலையப் பலகையிலும் இல்லை.

ஒரு சிற்றூர்ச் சந்திப்பு ஆற்றும் பணி யாது? நகரத்தார் இதனை அறியார். பெரிய நிலையத்தில் வண்டிக்காக மனிதர் காத்திருப்பர். சந்திப்பிலோ ஒரு வண்டிக்காக மற்றொரு வண்டி காத்திருக்கும். வடக்கேயிருந்து வரும் மெயில் தூத்துக்குடிக்குச் செல்லும்; அதிலிருந்து இறங்கும் திருநெல்வேலிப் பயணிகளை ஏற்றிக்கொள்ளக் கிளை வண்டி அணியமாய் நிற்கும். திருநெல்வேலியிலிருந்து சென்னைக்குச் செல்வோர், தூத்துக்குடியிலிருந்து வரும் மெயிலை எதிர்நோக்கி அமர்ந்திருப்பர். இவ்விடைவேளையில் தபாற்பைகள் ஒரு வண்டியிலிருந்து மற்றொரு வண்டிக்கு மாறும். பார்சல்கள் எண்ணி ஒப்படைக்கப்படும். நீராவி எஞ்சின் தண்ணீர் குடிக்கும். ஓட்டுநர் எண்ணெய்க் குவளையோடு சக்கரங்களைச் சுற்றி வருவார். ஒற்றைப் பாதையாதலின், அடுத்த நிலையம் வழிவிட்டதற்கு அடையாளமான டோக்கன் கையிற் கிட்டினாலன்றி எவ்வண்டியும் நகராது. நிலையத் தலைவரும், தந்தி அடிப்பவரும், பாயிண்ட்ஸ்மேனும், சீட்டுக் கொடுப்பவரும் அந்தப் பத்துப் பதினைந்து நிமிடத்தில் படும் பாட்டை, வண்டியுள் அமர்ந்து தேநீர் அருந்துவோர் காண்பதில்லை. வண்டிகள் பிரிந்து சென்ற பின்னரோ நிலையம் உறங்கும் கோயில் போல் ஆகிவிடும்.

சீட்டைப் பற்றி ஒரு சொல். நெடுங்காலம் நம் நாட்டில் வழங்கிய கெட்டி அட்டைச் சீட்டை நம்முள் மூத்தோர் அறிவர். வரிசை எண் இட்டு, முன்கூட்டியே அச்சடித்து, தேதி மட்டும் பொறியில் குத்திக் கொடுக்கும் அம்முறையைக் கண்டவர் தாமஸ் எட்மண்ட்சன் என்னும் ஆங்கிலேயர். அவர் பெரிய பொறியியல் அறிஞர் அல்லர். தச்சுத் தொழில் செய்து நொடித்துப் போய், மில்டன் என்ற சிற்றூர் நிலையத்தில் பணிக்கு வந்தவர். ஒவ்வொரு பயணிக்கும் கையால் எழுதிக் கொடுத்துச் சலித்து இம்முறையைக் கண்டார். உலகெங்கும் அது பரவிற்று. கணிப்பொறி வந்து அந்த அட்டையை அகற்றும் வரை மணியாச்சியின் சாளரத்தில் நின்ற உழவனும் அந்தச் சிற்றூர் எழுத்தர் வகுத்த சீட்டையே வாங்கினான். எழுத்தர் குலத்தவன் என்ற முறையில் இதனைச் சொல்லாமற் செல்ல மனம் வரவில்லை.

இனி, இந்நிலையத்திற்குப் பெயர் தந்த நாளுக்கு வருவோம்.

1906-ஆம் ஆண்டு சிதம்பரனார் தூத்துக்குடியில் சுதேசிக் கப்பல் கம்பெனியை நிறுவினார். தூத்துக்குடிக்கும் கொழும்புக்கும் இடையே வெள்ளையர் கம்பெனியின் கப்பல் மட்டுமே ஓடிய கடலில் தமிழர் கப்பல் ஓடிற்று. இருப்புப்பாதையின் கண்கொண்டு நோக்கின் இதன் ஆழம் விளங்கும். சென்னையிலிருந்து மணியாச்சி வழியாகத் தூத்துக்குடிக்கு வரும் பயணி, இறங்கியவுடன் எந்தக் கப்பலில் ஏறுவான் என்பதே போட்டி. 1908 மார்ச்சுத் திங்களில் சிதம்பரனாரும் சுப்பிரமணிய சிவாவும் சிறைப்பட்டனர். திருநெல்வேலியில் கலகம் மூண்டது. துப்பாக்கிச் சூட்டில் உயிர்கள் மடிந்தன. சிதம்பரனார் கொடுந்தண்டனை பெற்றார். கப்பல் கம்பெனி நலிந்தது. அக்காலத்தில் தூத்துக்குடியில் துணைக் கலெக்டராய் இருந்து சுதேசிகளை ஒடுக்குவதில் முனைந்து நின்றவர் ஆஷ் துரை. அவரே 1910-இல் திருநெல்வேலிக் கலெக்டர் பொறுப்பை ஏற்றார்.

வாஞ்சிநாதன் செங்கோட்டையைச் சேர்ந்தவர். அன்று செங்கோட்டை சென்னை மாகாணத்தில் இல்லை. திருவிதாங்கூர் அரசுக்கு உட்பட்டிருந்தது. 1956 நவம்பர் முதல் நாளன்றுதான் அது நம் மாநிலத்தோடு இணைந்தது. அவர் புனலூரில் திருவிதாங்கூர்க் காட்டிலாகாவில் அலுவல் பார்த்தார். அஃதாவது, இன்று நாம் செய்வதுபோலவே மலையாள மண்ணில் சம்பளம் வாங்கி வாழ்ந்த தமிழர் அவர். நம் சங்க மேடைகளில் இதனை யாரும் எடுத்துக் கூறியதாக எனக்கு நினைவில்லை. 1904-இல் புனலூருக்கும் செங்கோட்டைக்கும் இடையே மலையைக் குடைந்து இட்ட பாதை திறந்தபின், அவ்விரு ஊர்களும் திருநெல்வேலியோடும், அதன் வழியே மணியாச்சியோடும் ஒரே இருப்புக் கோட்டில் கோக்கப்பட்டன. நீலகண்ட பிரம்மச்சாரியின் இரகசியச் சங்கத்தில் வாஞ்சி சேர்ந்ததும், புதுச்சேரியில் வ. வே. சு. ஐயரிடம் துப்பாக்கிப் பயிற்சி பெற்றதும் பலரும் எழுதியுள்ளவை.

1911 சூன் 17. ஆனி மாதத் தொடக்கம். ஆஷ் துரையும் அவர் மனைவியும் கொடைக்கானலில் இருந்த தம் குழந்தைகளைக் காணப் புறப்பட்டனர். காலை 9.30 மணிக்குத் திருநெல்வேலியை விட்ட மணியாச்சி மெயில், 10.38-க்கு மணியாச்சி வந்தடைந்தது. முப்பது கிலோமீட்டருக்கு அறுபத்தெட்டு நிமிடம். தூத்துக்குடியிலிருந்து வர வேண்டிய கொழும்பு போட் மெயிலுக்குரிய நேரம் 10.48. இடையில் பத்து நிமிடம். கலெக்டரும் மனைவியும் முதல் வகுப்புப் பெட்டியில் எதிரெதிரே அமர்ந்து போட் மெயிலை எதிர்நோக்கியிருந்தனர்.

இந்தப் பத்து நிமிடமே யான் இக்கட்டுரை எழுதக் காரணம். திருநெல்வேலி நகரில் கலெக்டரைச் சுற்றி ஏவலரும் காவலரும் இருப்பர். ஓடும் வண்டியில் அவரை அணுகல் அரிது. கொடைக்கானல் மலையோ நெடுந்தொலைவு. காட்டுவெளிச் சந்திப்பில், ஒரு வண்டிக்காக மற்றொரு வண்டி நிற்கும் அந்தச் சிறு இடைவேளையில் மட்டுமே, மாவட்டத்தை ஆண்ட மனிதரும் மற்றைப் பயணிகளைப் போலக் காத்திருக்க வேண்டியவர் ஆனார். எந்தப் பெட்டியில் அமர்வார், எத்துணை நேரம் அமர்ந்திருப்பார் என்பனவெல்லாம் அச்சிட்ட கால அட்டவணையிலேயே உள. அதனைப் படிக்கத் தெரிந்தவர்க்கு வேறு ஒற்றர் வேண்டுவதில்லை.

வாஞ்சியும் அவருடன் வந்த சங்கரகிருஷ்ணனும் பெட்டியை நெருங்கினர். வாஞ்சி உள்ளே ஏறி, பெல்ஜிய நாட்டில் செய்த பிரௌனிங் கைத்துப்பாக்கியால் மிக அண்மையிலிருந்து சுட்டார். குண்டு ஆஷின் மார்பிற் பாய்ந்தது. மேல்காற்றின் இரைச்சலில் வெடியோசை அமுங்கிற்று என்பர். அக்காற்றை அறிந்தவர் இதனை ஐயுறார். வாஞ்சி நடைமேடை வழியே ஓடி, அங்கிருந்த கழிப்பிடத்தினுள் புகுந்து, துப்பாக்கியைத் தம் வாயில் வைத்துச் சுட்டுக்கொண்டு மாண்டார். ஆஷைத் திருநெல்வேலிக்குத் திரும்பக் கொண்டு சென்றனர். வழியிலேயே உயிர் பிரிந்தது. இந்திய விடுதலை வரலாற்றில் தென்கோடித் தமிழகத்தின் மிகப் பெரிய அதிர்ச்சி, ஒரு சிற்றூர் நிலையத்தில் இவ்வாறு நிகழ்ந்தது. ஐந்து நாட்கள் கழித்து, சூன் 22 அன்று, இலண்டன் மாநகரில் ஐந்தாம் ஜார்ஜ் மன்னர்க்கு முடிசூட்டு விழா நடைபெற்றது.

வாஞ்சியின் சட்டைப் பையில் ஒரு கடிதம் இருந்தது. அந்நியரை விரட்டவும், ஜார்ஜ் மன்னர் இந்நாட்டில் கால் வைத்தால் கொல்லவும் மூவாயிரம் பேர் உறுதி பூண்டுள்ளதாக அதில் கண்டிருந்தது. அதிலேயே சனாதன தருமத்தைப் பற்றிய சொற்களும் உள்ளன. அவற்றை எடுத்துக்காட்டி, வாஞ்சியின் நோக்கம் நாட்டு விடுதலையா, வருண நெறியைக் காத்தலா என்று வினவுவோர் இன்று பலர். மேடையில் வாஞ்சியைப் போற்றுவோர் அச்சொற்களை மறைத்துவிடுகின்றனர். தூற்றுவோர் அவற்றை மட்டும் எடுத்து ஓதுகின்றனர். கடிதம் ஒன்றே, அதனை முழுவதுமாகப் படித்தல் வேண்டும். ஆஷ் துரையைப் பற்றியும், சான்று ஏதும் காட்டாமல் அவரை ஏழைகளின் தோழராக்கும் கதைகள் அண்மைக் காலத்தில் பரவியுள்ளன. கப்பல் கம்பெனியை முடக்குவதில் அவர் காட்டிய முனைப்போ ஆவணங்களில் இருக்கின்றது. என் கருத்தைக் கேட்பின், கொலை கொலையே; ஆயினும் சிதம்பரனாரைச் செக்கிழுக்க வைத்த ஆட்சியில் அஞ்சி ஒடுங்கிக் கிடந்த ஒரு மாவட்டம், அந்த நாளில் நிமிர்ந்து பார்த்தது என்பதை மறுக்கலாகாது.

வழக்கு சென்னை உயர்நீதிமன்றத்தில் நடந்தது. பதினால்வர் குற்றஞ் சாட்டப்பட்டனர். நீலகண்ட பிரம்மச்சாரி ஏழாண்டுச் சிறை பெற்றார். வழக்கைக் கேட்ட நீதிபதியர் மூவருள் ஒருவர் சேற்றூர் சங்கரன் நாயர். 1897-இல் காங்கிரஸ் மகாசபைக்குத் தலைமை தாங்கியவர் அவர். பாலக்காட்டை அடுத்த மங்கரையைச் சேர்ந்தவர். செங்கோட்டைத் தமிழர் புனலூரில் பணிசெய்தார், மணியாச்சியில் மாண்டார், அவருடைய தோழர்களின் வழக்கை விசாரித்த இருக்கையில் மலையாளத்துப் பெருமகனார் ஒருவர் இருந்தார். இரு நாட்டினரும் இருப்புப்பாதையால் மட்டும் இணைந்தவர் அல்லர்.

துப்பாக்கி வெடித்து மூன்றாண்டு கழியுமுன் மணியாச்சி மற்றொரு பெரிய இழப்பை அடைந்தது. 1914 பெப்ருவரி 24-இல் பாம்பன் பாலம் திறக்கப்பட்டது. போட் மெயில் தூத்துக்குடியைக் கைவிட்டுத் தனுஷ்கோடிக்குச் செல்லலாயிற்று. கொழும்பு செல்லும் செல்வரும், தோட்டம் செல்லும் ஏழையரும் அதனோடு சென்றனர். ஆஷ் துரை எதிர்நோக்கியிருந்த அந்த வண்டியே மணியாச்சிக்கு இல்லாதொழிந்தது. பொன்விழா ஆண்டில், 1964 டிசம்பரில் வீசிய பெரும்புயலில், தனுஷ்கோடியும் அதன் நிலையமும் பயணிகளோடு ஒரு வண்டியும் கடலுள் மறைந்தன. உடைந்த பாம்பன் பாலத்தை நாற்பத்தாறு நாட்களில் சீர்செய்தவர், பாலக்காட்டு மாவட்டத்துப் பொறியாளர் இ. ஸ்ரீதரன். நம் வைட்டிலாவின் மேல் 2019 முதல் ஓடும் மெட்ரோ வண்டிக்குப் பாதை அமைத்த பணியிலும் அவர் வழிகாட்டியாய் விளங்கினார் என்பதை இங்குள்ளோர் நன்கறிவர். பெருமையெல்லாம் பெற்ற தனுஷ்கோடி மணலாயிற்று. பெருமை இழந்த மணியாச்சி எஞ்சி நின்றது.

நம்மவர் கொச்சிக்கு வந்த வழியையும் இந்நிலையத்தோடு சேர்த்தே எண்ண வேண்டும். கொச்சி மன்னர் இராஜரிஷி இராமவர்மர் ஷொர்ணூரிலிருந்து எர்ணாகுளத்திற்குப் பாதை இட்டது 1902-இல். திருப்பூணித்துறைக் கோயிலின் யானைகட்குரிய பொன் நெற்றிப்பட்டங்களை விற்று அதற்குப் பொருள் திரட்டினார் என்பது இவ்வூரார் மறவாச் செய்தி. ஆயினும் எர்ணாகுளத்திற்குத் தெற்கே நெடுங்காலம் பாதை இல்லை. திருநெல்வேலியாரும் தூத்துக்குடியாரும் கொச்சிக்கு வருவதாயின், மணியாச்சி, மதுரை, திருச்சி, ஈரோடு, போத்தனூர், ஷொர்ணூர் என நாட்டையே சுற்றி வர வேண்டும். அல்லது செங்கோட்டை வழியே கொல்லம் சென்று, அங்கிருந்து காயல் வழிப் படகேற வேண்டும். 1956-இல் எர்ணாகுளத்திற்கும் கோட்டயத்திற்கும் இடையிலும், 1958-இல் கோட்டயத்திற்கும் கொல்லத்திற்கும் இடையிலும் மீட்டர் பாதை திறந்த பின்னரே, மலைவழியே நேர்வண்டிப் பயணம் கைகூடிற்று. திருப்பூணித்துறை நிலையம் தோன்றியதும் அப்போதுதான்.

பின்னர் அகலப்பாதை வந்தது; அதுவும் வியப்பான முறையில் வந்தது. எர்ணாகுளத்திற்கும் திருவனந்தபுரத்திற்கும் இடைப்பட்ட பாதை 1976-ஆம் ஆண்டளவில் அகலமாயிற்று. 1979-இல் நாகர்கோவிலுக்கும் கன்னியாகுமரிக்கும், 1981-இல் நாகர்கோவிலிலிருந்து திருநெல்வேலிக்கும் அகலப்பாதை எட்டியது. அஃதாவது, திருநெல்வேலிக்கு அகலப்பாதை சென்னைப் பக்கமிருந்து வரவில்லை. மலையாளப் பக்கமிருந்தே முதலில் வந்தது. அதன் பின்னும் பன்னிரண்டு ஆண்டுகள்போல் மணியாச்சி மீட்டர் பாதையிலேயே கிடந்தது. இங்கிருந்து ஊருக்குச் செல்வோர் திருநெல்வேலியில் இறங்கி, மேம்பாலம் ஏறி, சிறிய வண்டிக்கு மாறி மணியாச்சி செல்ல வேண்டும்.

சிறுவனாய் இருந்தபோது என் தந்தையாரோடு அவ்வாறு ஒருமுறை சென்றதுண்டு. மணியாச்சியில் இறங்கியபோது நள்ளிரவு. தூத்துக்குடி செல்லும் இணைப்பு வண்டி எமக்காகக் காத்திராமற் புறப்பட்டுவிட்டிருந்தது. இரும்புப் பெட்டியின்மேல் என்னை அமர்த்தித் தம் துண்டால் போர்த்திவிட்டுத் தந்தையார் விடியுமளவும் நின்றுகொண்டே இருந்தார். அவ்விடத்தில் பணியிலிருந்த பாயிண்ட்ஸ்மேன் ஒருவர், தம் தூக்குப்பாத்திரத்திலிருந்த சோற்றில் பாதியை எனக்குத் தந்தார். அவர் எந்த ஊரார், பெயர் யாது என்று கேட்க எங்களுக்குத் தோன்றவில்லை. பின்னாளில் யான் இத்துறைக்குப் பணிக்கு வந்தமைக்கு அந்தச் சோறும் ஒரு காரணமாதல் கூடும்.

1990-களில் மதுரையிலிருந்து தெற்கே பாதை அகலமாயிற்று. அப்போதும் சந்திப்பின் பழைய தொழில் அழியவில்லை. சென்னையிலிருந்து குருவாயூர் செல்லும் விரைவு வண்டியோடு வந்த தூத்துக்குடிப் பெட்டிகள் பல்லாண்டுகள் இங்குதான் கழற்றப்பட்டன. திரும்புகையில் இங்குதான் கோக்கப்பட்டன. நிலையத்தின் பெயரும் இதற்குள் வாஞ்சி மணியாச்சி என்றாகியிருந்தது. தூத்துக்குடியில் ஆஷின் நினைவு மண்டபமும், செங்கோட்டையில் வாஞ்சியின் சிலையும் உள. ஆனால் ஆயிரக்கணக்கானோர் நாள்தோறும் வாயாற் சொல்லும்படி நிற்பது இந்தப் பெயர்ப்பலகையே. வாஞ்சி மணியாச்சிக்கு ஒரு சீட்டு என்று கேட்கும் கிழவிக்கு வரலாறு தெரிய வேண்டியதில்லை. வரலாறு அவள் வாயில் இருக்கின்றது.

செங்கோட்டை மலைப்பாதை 2010-இல் அகலப்படுத்துவதற்காக மூடப்பட்டு, 2018-இல் முழுமையாகத் திறந்தது. அந்த எட்டாண்டுக் காலம் தென்காசி, செங்கோட்டை மக்கள் பட்ட இன்னலை இச்சங்கத்தினரே அனுபவித்தீர்கள். அதனை விரித்தல் வேண்டா. பாலக்காட்டிலிருந்து எர்ணாகுளம் வழியே புனலூர் வரை ஓடிய பாலருவி விரைவு வண்டி 2018-இல் திருநெல்வேலிக்கும், 2024 ஆகஸ்டில் தூத்துக்குடிக்கும் நீட்டிக்கப்பட்டது. திருநெல்வேலியிலிருந்து தூத்துக்குடிக்குச் செல்லும் பழைய வழி மணியாச்சி ஒன்றே. ஆதலின் வாஞ்சி அலுவல் பார்த்த புனலூர், அவர் பிறந்த செங்கோட்டை, ஆஷ் வண்டியேறிய திருநெல்வேலி, ஆஷ் சுடப்பட்டு வாஞ்சி மாண்ட மணியாச்சி, சிதம்பரனாரின் தூத்துக்குடி ஆகிய ஐந்தும் இன்று ஒரே வண்டியின் வழியில் அமைந்துவிட்டன. இவ்வாறு அமைய வேண்டும் என்று எவரும் திட்டமிட்டார் அல்லர். அவ்வண்டியில் செல்லும் நம்மவர் பலர் உறக்கத்தில் இருப்பதால், அவ்வழியை அறியாமலே கடந்துவிடுகின்றனர்.

இன்று மணியாச்சியின் பாதைகள் இரட்டையாயின. மேலே மின்கம்பி ஓடுகின்றது. எதிர் வண்டிக்காக நிற்க வேண்டியதில்லை. தண்ணீர்க்காக நிற்க வேண்டியதில்லை. டோக்கனுக்காக நிற்க வேண்டியதில்லை. வளர்ச்சியே, துறையைச் சேர்ந்தவன் யான் இதனைக் குறை கூறேன். ஆனால் வண்டிகள் விரையுந்தோறும் சிற்றூர் நிலையங்களின் நிறுத்தம் குறைகின்றது. 2023 செப்டம்பரில் சென்னைக்கும் திருநெல்வேலிக்கும் இடையே தொடங்கிய வந்தே பாரத் வண்டிக்கு மணியாச்சியில் நிறுத்தம் இல்லை. கீரைக்கட்டும் பனங்கிழங்கும் சுமந்து நகரச் சந்தைக்குச் செல்லும் பெண்டிர்க்கும், கல்லூரி செல்லும் பிள்ளைகட்கும், ஆலை வேலைக்குச் செல்வோர்க்கும் பயன்படுவன பாசஞ்சர் வண்டிகளே. அவ்வண்டிகள் நேரம் மாறினாலும் நின்றுபோனாலும் நகரத்துச் செய்தித்தாள்களில் ஒரு வரியும் வாராது. அவ்வூர்களிலிருந்து இங்கு வந்து வாழும் நாம், வேண்டுகோள் விண்ணப்பம் அனுப்பும்போதெல்லாம் எர்ணாகுளத்திலிருந்து நெடுந்தொலைவு செல்லும் விரைவு வண்டிகளையே கேட்கின்றோம். இறங்கியபின் நம் தாய் தந்தையர் வீடு வரை செல்லும் சிறு வண்டியைக் கேட்க மறந்துவிடுகின்றோம். வரும் ஆண்டு சங்கத்தின் சார்பில் விண்ணப்பம் எழுதுவோர் அதனையும் ஒரு பத்தியாகச் சேர்த்தல் நன்று.

ஆனி விடுமுறையில் ஊர் செல்வோர்க்கு ஒரு விண்ணப்பம் உண்டு. நும் வண்டி மணியாச்சியில் நிற்குமாயின், விழித்திருந்து நடைமேடையில் இறங்கி நில்லுங்கள். காற்று அப்படியேதான் வீசுகின்றது. 10.38-க்கும் 10.48-க்கும் இடையே இருந்த பத்து நிமிடம் இன்று கிட்டாது. வண்டி ஊதியவுடன் ஏறிக்கொள்ள வேண்டும்.